பேசாத தந்தையர்களின் நடிகர்

கடந்த ஞாயிற்றுக்கிழமை மழை விடாததால் கடற்கரைக்கு நடக்கப் போக முடியாமல் வெள்ளவத்தைத் தொடர்மாடி வீட்டிலேயே இருந்த அப்பாவுக்கு, 1991இல் வெளிவந்த ‘புஷிங் ஹேண்ட்ஸ்’ படத்தைப் போட்டுக் காட்டினேன். நியூயோர்க்கில் மகனோடு வாழ வந்த தாய்-சி என்னும் சீனத் தற்காப்புக் கலையின் ஆசான் ஒருவர், தன் மொழி அறியாத அமெரிக்க மருமகளுடன் ஒரே வீட்டில் ஒரு சொல்லும் பேசாமல் பகலைக் கழிக்கும் தொடக்கக் காட்சி முடிந்ததும், “ஸ்காபரோவில் நானும் இப்படித்தான் இருந்தனான்” என்றார் அப்பா. கனடாவில் அண்ணா வீட்டில் ஏழு மாதங்கள் இருந்துவிட்டுத் திரும்பிய பின்னர் அந்த நாட்களைப் பற்றி அவர் வாய் திறந்தது அதுவே முதல் தடவை.

அந்த ஆசானாக நடித்தவர் சிஹுங் லுங். 1930இல் சீனாவில் பிறந்து, தேசியவாதப் படையின் சிப்பாயாகத் தைவானுக்கு வந்து, இராணுவ நாடகக் குழுவில் நடிக்கத் தொடங்கி, நெடுங்காலம் உழைத்து ஓய்வும் பெற்றிருந்த அவரை, இயக்குநர் ஆங் லீ தமது முதற்படத்துக்காகத் திரும்ப அழைத்தார். அந்தப் பாத்திரம் அவருக்குத் தைவானின் தங்கக் குதிரை விருதைப் பெற்றுக் கொடுத்தது.

ஆயினும் அவருடைய உச்சம் 1993இன் ‘த வெடிங் பேங்க்வெட்’ என்றே நான் நினைக்கிறேன். மகன் ஓர் ஆணோடு வாழ்வதை மறைப்பதற்காக வீடே நாடகமாடுகிறது. ஆங்கிலம் புரியாதவர் என்று எல்லோரும் எண்ணியிருந்த தந்தையோ, அனைத்தையும் அறிந்தே இருந்துவிட்டு, மகனின் துணைவனிடம் மட்டும் சீனர் ஆசியாகக் கொடுக்கும் சிவப்புக் காசு உறையை நீட்டுகிறார். குரலை உயர்த்தாமல், முகத்தில் ஒரு தசையும் அசையாமல் அதைச் செய்கிறார். இறுதியில் விமான நிலையச் சோதனைக்காக இரு கைகளையும் மேலே தூக்கும்போது, அது சரணாகதியா, ஏற்றுக்கொள்ளலா என்பதை அந்த உடல் சொல்வதில்லை. சிப்பாயாக இருந்தவரின் நிமிர்ந்த முதுகு அவ்விடத்தில் மெல்லத் தளர்வதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன்.

‘குரௌச்சிங் டைகர், ஹிடன் டிராகன்’ படத்தில் வாளைக் காக்கும் பிரபுவாக வந்த அவர், 2002இல் காலமானார்.

1994இன் ‘ஈட் டிரிங்க் மேன் வுமன்’ படத்தில், நாவின் சுவையுணர்வை இழந்தும் மூன்று மகள்மாருக்கு ஞாயிறுதோறும் விருந்து சமைக்கும் தந்தையாக அவர் வருகிறார் என்று சொன்னபோது, அடுத்த கிழமை அதைப் போடும்படி அப்பா கேட்டுக்கொண்டார். அண்ணாவுக்கும் எழுதியிருக்கிறேன், அதே நாளில் அவரும் ஸ்காபரோவில் பார்ப்பார்.