ஒட்டகம், யாக், மலையாடு

ஏர்ஃபோர்ஸில் இருந்தேன் என்று சொன்னதும் இரண்டு கேள்விகள் வரும். முதலாவது, "ஃபைட்டர் ஓட்டினீங்களா சார்?" இல்லை, நான் எஞ்சின் ஃபிட்டர், ஓட்டுகிறவர்களுக்கு விமானத்தைத் தயார் செய்து கொடுக்கிறவன் என்பேன். கொஞ்சம் ஏமாற்றத்தோடு அடுத்தது வரும்: "அப்ப பிரைம் மினிஸ்டர் பிளேன்ல வேலை பார்த்திருக்கீங்களா?" அதுவும் இல்லை. நான் பார்த்தது ஏ.என்.-32 என்ற சரக்கு விமானம். அதன் பெயரைச் சொன்னால் தாம்பரம் பக்கத்து ஆட்களுக்கு உடனே ஞாபகம் வருவது ஒன்றுதான்: "ஓ, கடல்ல காணாமப் போச்சே, அதுவா?"

பிரதமர், ஜனாதிபதி விமானங்கள் தனிக் கதை. டெல்லியில் பாலம் விமானத் தளத்தில் இருக்கும் ஏர் ஹெட்குவார்ட்டர்ஸ் கம்யூனிகேஷன் ஸ்குவாட்ரன் அதற்கென்றே இருப்பது. சிறகு முளைத்த பெகாசஸ் குதிரை அவர்கள் சின்னம். உள்நாட்டுப் பயணத்துக்கு போயிங் 737 பிசினஸ் ஜெட், எம்ப்ரேயர் லெகஸி. நீண்ட தூரத்துக்கு 2020-இல் வந்த இரண்டு போயிங் 777-கள். 777-இன் முதல் விஐபி பயணமே சென்னைக்குத்தான். 2020 நவம்பர் 24 அன்று ஜனாதிபதி ராம்நாத் கோவிந்த் திருப்பதி தரிசனத்துக்குப் போகும் வழியில் அதில் மீனம்பாக்கத்தில் வந்து இறங்கினார். பளபளவென்று இருக்கும். குறை சொல்ல ஒன்றுமில்லை.

அந்த வேலை சொகுசு என்று நினைப்பவர்களுக்கு ஜோர்ஹாட் கதையைச் சொல்வேன். 1977 நவம்பர் 4. பிரதமர் மொரார்ஜி தேசாய் பயணம் செய்த டியூ-124 விமானம் அசாமில் ஜோர்ஹாட் பக்கத்தில், இருட்டில், வயல்வெளியில் விழுந்து உடைந்தது. பிரதமர் பிழைத்தார். முன்பக்கம் காக்பிட்டில் இருந்த விமானப்படைக்காரர்கள் ஐந்து பேரும் இறந்தார்கள். பிற்பாடு எனக்கு ஜோர்ஹாட்டுக்கு மாறுதல் வந்தபோது, எங்களுக்கு மூத்த வாரண்ட் ஆபீசர்கள் அந்த ஐந்து பேரைப் பற்றிப் பேசும் தொனியே வேறாக இருக்கும். குரல் தானாக இறங்கிவிடும்.

சரி, என் விமானத்துக்கு வருகிறேன்.

ஏ.என்.-32 சோவியத் காலத்து ஆன்டனோவ் நிறுவனத்தின் தயாரிப்பு. அதற்கு முன்பிருந்த ஏ.என்.-26-ஐ எடுத்து, நம் ஊர் வெயிலுக்கும் இமயமலை உயரத்துக்கும் ஏற்றபடி மாற்றிச் செய்தது. வெயிலிலும் உயரத்திலும் காற்று மெலிந்துவிடும். இறக்கைக்குத் தூக்கும் வலு குறையும், எஞ்சினுக்கும் மூச்சு வாங்கும். அதனால் பழைய எஞ்சினைக் கழற்றிவிட்டு, கிட்டத்தட்ட இரண்டு மடங்கு சக்தியுள்ள ஏஐ-20 எஞ்சினை மாட்டினார்கள். ஒவ்வொன்றும் 5,000 குதிரைத்திறனுக்கு மேல். எஞ்சின் பெரிதானதால் ப்ரொப்பெல்லரும் பெரிதானது. 4.7 மீட்டர் விட்டம். வழக்கமான இடத்தில் மாட்டினால் அது விமானத்தின் உடம்பில் உரசும், தரைக்கும் மிக நெருங்கிவிடும். ஆகவே எஞ்சினை இறக்கைக்கு மேலே தூக்கி வைத்துவிட்டார்கள். ஏ.என்.-32-ஐப் பார்த்தால் தோளுக்கு மேல் இரண்டு பெரிய குடங்களைச் சுமப்பதுபோல் இருக்கும்.

வடிவமைத்தவருக்கு இது புத்திசாலித்தனம். ஃபிட்டருக்கு முதுகுவலி. இறக்கையே தலைக்கு மேலே. எஞ்சின் அதற்கும் மேலே. சண்டிகரில் ஜனவரி மாத விடிகாலை மூன்று மணிக்கு, பனி படிந்த ஸ்டாண்டில் ஏறி, கையுறையைக் கழற்றிவிட்டு (கையுறையோடு ஸ்பானர் நிற்காது) ஆயில் லீக் பார்ப்பது என்பது தூத்துக்குடியிலிருந்து போன பையனுக்கு என்னவாக இருந்திருக்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள். தாம்பரம் மெக்கானிக்கல் டிரெய்னிங் இன்ஸ்டிட்யூட்டில் எஞ்சினைப் பிரித்து மாட்டக் கற்றுக்கொடுத்தார்கள். குளிரைப் பற்றி யாரும் சொல்லவில்லை.

1984-இல் இந்த விமானங்கள் வரத் தொடங்கின. மொத்தம் நூற்றுக்கும் அதிகம். "சட்லஜ்" என்று நதியின் பெயர் வைத்தார்கள். ஹேங்கரில் ஒருவரும் அப்படிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. எங்களுக்கு எப்போதும் "ஏ.என்."தான்.

சண்டிகரில் விடியும் முன்பே அவ்வளவு அவசரம் ஏன் என்றால், லடாக்கில் இருக்கும் லே. ஓடுதளம் இருப்பதே 10,600 அடிக்கு மேல். சுற்றிலும் மலை. ஒரு பக்கத்திலிருந்து இறங்கி, எதிர்ப்பக்கமாக ஏறித் திரும்ப வேண்டும். மதியமானால் காற்று சூடேறி மெலிந்துவிடும், பள்ளத்தாக்கில் காற்றும் பேயாட்டம் ஆடும். அதனால் காலையிலேயே போய், இறக்கி, திரும்பிவிட வேண்டும். சில நாள் எஞ்சினை நிறுத்தாமலே சரக்கை இறக்குவார்கள். நிறுத்திய எஞ்சின் அந்தக் குளிரில் மறுபடி கிளம்பாவிட்டால், விமானம், ஆட்கள், அன்றைய திட்டம் எல்லாம் அங்கேயே நிற்கும். இதற்காகவே வலது எஞ்சின் கூட்டின் வால்பக்கம் ஒரு குட்டி டர்பைன் உண்டு. வெளியே எந்த மின்சார வண்டியும் இல்லாத இடத்திலும் அதை வைத்துப் பெரிய எஞ்சின்களைக் கிளப்பிவிடலாம். அதன் கீச்சுச் சத்தம் இருக்கிறதே! என் இடது காது இன்றைக்கும் சரியாகக் கேட்காததற்கு அதுவும் ஒரு காரணம் என்று என் மனைவி சொல்வாள். தான் கூப்பிடும்போது மட்டும் கேட்காததற்கு வேறு காரணம் வைத்திருக்கிறாள்.

என்ன ஏற்றுவோம்? உருளைக்கிழங்கு, வெங்காயம், முட்டை, மண்ணெண்ணெய் பீப்பாய், ஜெனரேட்டர் பாகம், உயிரோடு ஆடு. ஆடு ஏற்றிய நாளில் விமானத்தைக் கழுவுவது யார் என்பதில் எங்களுக்குள் பெரிய ராஜதந்திரம் நடக்கும். வால்பக்கத்து ராம்ப், அதாவது சரக்கு ஏற்றும் சரிவுக் கதவு, கீழே இறங்கவும் செய்யும், அப்படியே வழுக்கி விமானத்தின் வயிற்றுக்கு அடியில் போய் ஒதுங்கவும் செய்யும். ஒதுங்கியதும் லாரியைப் பின்னால் கொண்டுவந்து தளத்தோடு தளமாக நிறுத்தி நேரே சரக்கை மாற்றலாம். இதை யோசித்தவன் கட்டாயம் ஒருநாளாவது மூட்டை தூக்கியவனாகத்தான் இருக்க வேண்டும்.

திரும்பி வரும்போது ஆட்கள். லீவில் போகிற ஜவான்கள், நோயாளிகள், சில நாள் மூவர்ணக் கொடி போர்த்திய பெட்டிகள். குளிர்காலத்தில் ஸோஜிலா கணவாய் மூடியதும் கார்கில் ஊரே வெளியுலகத்திலிருந்து துண்டிக்கப்பட்டுவிடும். அப்போது பொதுமக்களை ஏற்றிப்போக 'கார்கில் கூரியர்' என்றே ஒரு சேவை ஓடும். பரீட்சைக்குப் போகும் மாணவனும் பிரசவத்துக்குப் போகும் பெண்ணும் உட்காருவது பாராசூட் வீரர்கள் உட்காரும் அதே பக்கவாட்டு மடக்கு இருக்கையில்தான். ஜன்னல் முதுகுக்குப் பின்னால். சத்தத்தில் பேச முடியாது. ஆனால் இறங்கும்போது அவர்கள் முகத்தைப் பார்க்க வேண்டும்.

இந்த ஸ்குவாட்ரன்களின் பெயர்களில் எனக்கு ஒரு பெருமை உண்டு. போர் விமானக்காரர்கள் புலி, சிறுத்தை, தேள், அம்பு என்று வைத்துக்கொள்வார்கள். சண்டிகரின் 48-வது ஸ்குவாட்ரன் ஒட்டகங்கள். ஆக்ராவின் 12-வது யாக்குகள். ஜோர்ஹாட்டின் 43-வது ஐபெக்ஸ், அதாவது மலையாடு. பாய்ந்து கடிக்கிற மிருகம் ஒன்றுகூட இல்லை. பெயர் வைத்தவருக்குத் தன் வேலை என்னவென்று தெரிந்திருக்கிறது.

தமிழனாக எனக்கு இந்த விமானத்தோடு வேறொரு கணக்கும் உண்டு. 1987 ஜூன் 3 அன்று ராமேஸ்வரத்திலிருந்து நிவாரணப் பொருளோடு போன படகுகளை இலங்கைக் கடற்படை திருப்பி அனுப்பியது. மறுநாள் மாலை பெங்களூரிலிருந்து ஐந்து ஏ.என்.-32-கள் கிளம்பி, மிராஜ் போர் விமானங்கள் துணைக்கு வர, யாழ்ப்பாணத்தின் மேல் சுமார் 25 டன் பொருளைப் பாராசூட்டில் போட்டன. ஆபரேஷன் பூமாலை. அன்று இரவு பாரக்கில் எங்கள் ரேடியோவைச் சுற்றி நின்ற தமிழ்ப் பையன்களுக்குத் தலைகால் புரியவில்லை. "நம்ம ஏ.என்.டா!" என்று ஒருவன் தகரப் பெட்டியைத் தட்டினான். அடுத்த மாதக் கடைசியில் இந்திய-இலங்கை ஒப்பந்தம் கையெழுத்தானது. இதே வகை விமானங்கள் இந்தியப் படைகளை ஏற்றிக்கொண்டு யாழ்ப்பாணத்தின் பலாலி விமானத் தளத்தில் இறங்கின. அக்டோபரில் சண்டை மூண்ட பிறகு ரேடியோவைச் சுற்றிக் கூட்டம் இல்லை. வடக்கத்திய நண்பர்கள் எங்களிடம் ஏதோ கேட்க வருவார்கள், கேட்காமல் போவார்கள். நாங்களும் எங்களுக்குள் பேசிக்கொள்ளவில்லை. இதற்கு மேல் இதைப் பற்றி இன்றுவரை எனக்கு எழுத வரவில்லை.

நான் ஓய்வு பெற்றுவந்து சேலையூர் பக்கம் வீடு கட்டிக் குடியேறி வெகுகாலம் கழித்து நடந்தது, முதலில் சொன்ன அந்தக் காணாமல் போன விஷயம். 2016 ஜூலை 22. சூலூரின் 33-வது ஸ்குவாட்ரன் விமானம், வழக்கமான போர்ட் பிளேர் கூரியர் சேவை. காலை எட்டரை மணிக்குத் தாம்பரத்திலிருந்து கிளம்பியது. 9.12-க்குப் பிறகு ஒன்றுமில்லை. உள்ளே 29 பேர். அதில் எட்டுப் பேர் விசாகப்பட்டினத்துக் கடற்படை ஆயுதக் கிடங்கின் சிவிலியன் ஊழியர்கள். கப்பல்கள், விமானங்கள், நீர்மூழ்கி எல்லாம் வாரக்கணக்கில் தேடியும் ஒரு துண்டுகூட அகப்படவில்லை. செப்டம்பரில் 29 பேரும் இறந்ததாகக் கருதப்படுகிறார்கள் என்று குடும்பங்களுக்குத் தெரிவித்தார்கள்.

தண்ணீருக்குள் மூழ்கினாலும் 'இங்கே இருக்கிறேன்' என்று ஒலி அனுப்பும் கருவி ஒன்று உண்டு. பயணிகள் விமானங்களில் கட்டாயம் இருக்கும். இந்த விமானத்தில் அது இல்லை. மலைக்காகச் செய்யப்பட்ட விமானம் என்று ஒரு சமாதானம் சொல்லலாம். என்னால் ஏற்க முடியாது. ஆண்டுக்கணக்காக வாராவாரம் வங்காள விரிகுடாவைத் தாண்டுகிற கூரியர் அது. மலைமேல் ஓட்டுவதற்கு எஞ்சினையே மாற்றச் சொல்லி வாங்கியவர்கள், கடலுக்காக ஒரு சின்ன உருளையை மாட்டியிருக்கலாம்.

2024 ஜனவரியில் செய்தி வந்தது. சென்னைக் கடற்கரையிலிருந்து சுமார் 310 கிலோமீட்டரில், 3,400 மீட்டர் ஆழத்தில், ஏ.என்.-32-இன் உடைந்த பாகங்களை ஒரு தானியங்கி நீர்மூழ்கிக் கருவி படம் பிடித்திருக்கிறது. அனுப்பியது தேசியக் கடல்சார் தொழில்நுட்பக் கழகம். அது எங்கே இருக்கிறது தெரியுமா? பள்ளிக்கரணையில், வேளச்சேரி–தாம்பரம் சாலையில். அந்த விமானம் கிளம்பிய தளத்துக்கும் அதைக் கண்டுபிடித்த ஆபீசுக்கும் இடையில் ஒரு டவுன் பஸ் தூரம்தான். கண்டுபிடிக்க ஏழரை வருஷம்.

அதற்கு நடுவே 2019 ஜூன் 3 அன்று ஜோர்ஹாட்டிலிருந்து அருணாச்சலத்தின் மேச்சுகாவுக்குப் போன இன்னொரு ஏ.என்.-32, 13 பேரோடு மலையில் மோதியது. கண்டுபிடிக்க எட்டு நாள் ஆனது. மேச்சுகா பாதை எப்படி என்று பைலட்டுகள் சொல்லக் கேட்டிருக்கிறேன். பள்ளத்தாக்குக்குள் நுழைந்த பிறகு மேகம் மூடினால் திரும்ப இடம் இருக்காது. விபத்து என்றதும் டிவியில் "பறக்கும் சவப்பெட்டி" என்று ஆரம்பித்துவிடுகிறார்கள். எனக்குக் கோபம் வரும். இந்த விமானம் போகிற இடங்களுக்கு வேறு எதை அனுப்பினாலும் கொஞ்சம் விழத்தான் செய்யும். பழையதுதான், மறுக்கவில்லை. 2009-இல் உக்ரைனோடு 105 விமானங்களைப் புதுப்பிக்க ஒப்பந்தம் போட்டார்கள். 40 அங்கே, மீதி கான்பூரில். பாதியில் 2014-இல் உக்ரைன் சண்டையில் மாட்டிக்கொண்டது, கான்பூர் வேலை உதிரி பாகத்துக்குத் தவித்தது. அந்தக் காலத்தில் ஹேங்கரில் இருந்த பையன்களிடம் கேளுங்கள், கதை கதையாகச் சொல்வார்கள்.

இப்போது சி-295 என்ற புதுச் சரக்கு விமானம் வந்துவிட்டது. மொத்தம் 56, முதல் 16 ஸ்பெயினில் செய்தது, மீதி 40 வதோதராவில் டாடாவும் ஏர்பஸ்ஸும் சேர்ந்து செய்வது. பழைய ஆவ்ரோ விமானத்துக்கு மாற்றாக வாங்கியது என்பதுதான் கணக்கு, ஆனால் ஏ.என். வேலையிலும் ஒரு பங்கை இதுவே பார்க்கும் என்பது என் எண்ணம். ஏ.என்.-32-க்கு மாற்று இதைவிடப் பெரிதாகத் தேடுகிறார்கள். எம்ப்ரேயர் சி-390, சி-130ஜே, ஏ-400எம் என்று பேச்சு அடிபடுகிறது. என்னைக் கேட்டால், எதை வாங்கினாலும் முதலில் குளிர்காலத்தில் லேயில் ஒரு ராத்திரி நிறுத்திவைத்து, காலையில் கிளம்புகிறதா என்று பார்த்துவிட்டுப் பணம் கொடுங்கள் என்பேன்.

என் பழைய செக்‌ஷனில் இருந்து ஒரு தம்பி புது விமானத்துக்கு மாறியிருக்கிறான். போன வாரம் போனில், "அண்ணே, எஞ்சின் இப்ப இறக்கைக்கு மேல இல்ல, முன்னாலயே தொங்குது. ஸ்டாண்டுல அவ்வளவு உசரம் ஏற வேண்டாம்" என்றான். சந்தோஷம்டா என்றேன். பொறாமையாகத்தான் இருந்தது.