சிங் லுங் என்றால்தான் தெரியும்

ஹாங்காங் வந்து மூன்றாவது மாதம். லிஃப்டில் எதிர் வீட்டுப் பெரியவரோடு பேச்சு சினிமாப் பக்கம் போனது. எனக்குச் சின்ன வயதிலிருந்தே ஜாக்கி சான்தான் என்றேன். அவர் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. போனில் படத்தைக் காட்டியதும், "ஓ, சிங் லுங்!" என்றார். எனக்குச் சுருக்கென்றது. கூடவே வளர்ந்த பெயர், அவர் ஊரிலேயே செல்லவில்லை.

மற்றதெல்லாம் பழகிவிட்டது. பஸ், ரயில், கடை எல்லாவற்றுக்கும் தேய்க்கிற ஆக்டோபஸ் கார்டு, பிசுபிசுக்கும் வெயில், ஒரு ஆள் மட்டும் நிற்கக்கூடிய சமையலறை. ஆனால் அன்று ராத்திரி மனசு உசிலம்பட்டியில்தான் இருந்தது.

பொங்கலுக்குப் பெரியப்பா வீட்டில் டெக் வாடகைக்கு எடுப்பார்கள். கடைசி கேசட் எப்போதும் சண்டைப் படம். 1978-ல் வந்த 'டிரங்கன் மாஸ்டர்' அப்படிப் பார்த்ததுதான். படம் இங்கிலீஷ் பேசும். அண்ணன் டிவி பக்கத்தில் நின்று கதை சொல்வான். "அந்தக் குடிகாரத் தாத்தாதான்டா இவனோட அப்பன். அதான் இந்தப் பாடு படுத்துறாரு." ஜாக்கி தலைகீழாகத் தொங்கிக்கொண்டு, கீழே இருக்கும் தண்ணீரைக் குட்டிக் கோப்பையில் மொண்டு, வயிற்றை மடக்கி எழுந்து மேலே இருக்கும் வாளியில் ஊற்றுவார். மறுநாள் நாங்கள் நாலு பேரும் வேப்பங்கிளையில் தொங்கினோம். பெரியம்மா விளக்குமாற்றோடு வந்தார்.

போன ஞாயிறு பெரியவர் வீட்டில் அதே படத்தை இந்த ஊர்ப் பாஷையான கான்டனீஸில் பார்த்தேன். ஜாக்கியின் பாத்திரமான வோங் ஃபெய் ஹுங் நிஜ மனிதர். 1847-ல் பிறந்த வைத்தியர், குங்ஃபூ ஆசான். 1949-லிருந்து குவான் டக் ஹிங் அவரை அப்பழுக்கில்லாத பெரிய மனிதராகவே படம் படமாக நடித்திருந்தார். அந்த ஆசான் இதில் காசில்லாமல் ஹோட்டலில் மூக்கு முட்டத் தின்று மாட்டிக்கொள்கிற பொடியன். வீட்டுச் சுவரில் மாலையோடு தொங்குகிற பூட்டன் மாங்காய் திருடிய கதையைக் கேட்பது மாதிரி, பெரியவர் விழுந்து விழுந்து சிரித்தார். பாதிச் சிரிப்பு இத்தனை வருடம் எனக்குக் கிடைக்காமலே போயிருக்கிறது.

தாத்தா கற்றுத்தருவது எட்டுக் குடிகாரத் தெய்வங்களின் பெயரில் எட்டுச் சண்டை முறைகள். கடைசிச் சண்டையில், கற்காமல் விட்ட எட்டாவது முறையை, அதாவது பெண் தெய்வத்தின் நெளிவை, ஜாக்கி தானாகவே இட்டுக்கட்டி ஆடுவார். பெரியவர் தேநீர்க் கோப்பையைப் பிடித்தபடி எழுந்து இடுப்பை வளைத்தார். ஒரு சொட்டு சிந்தவில்லை.

அப்புறம் இன்னொன்று சொன்னார். படத்தில் அந்தத் தாத்தா ஜாக்கிக்கு அப்பா இல்லை, ஆசான்தான். ஆனால் தாத்தாவாக நடித்த யுவென் சியூ டின், டைரக்டர் யுவென் வூ பிங்கின் சொந்த அப்பா. படம் வந்த சில மாதங்களில், 1979 ஜனவரியில் இறந்துவிட்டார்.

உடனே அண்ணனுக்குப் போன் போட்டேன். கொஞ்ச நேரம் பேச்சில்லை.

"அப்பன்னு அன்னைக்கே சொன்னேன்ல" என்றான்.