கறுப்புத் துணி போர்த்திய நாற்காலி

நேற்று ராத்திரி ஒரு நாற்காலியின் படத்தைப் பார்த்துவிட்டுத் தூக்கமே வரவில்லை.

1917 செப்டம்பர் 6. வேல்ஸ் மக்களின் ஐஸ்டெத்வொட் கலைவிழா, பர்க்கன்ஹெட் நகரில். மரபுக்கவிதைக்குப் பரிசு, வேலைப்பாடுள்ள ஓக் நாற்காலி. கூட்டத்தில் பிரிட்டிஷ் பிரதமர் லாய்டு ஜார்ஜும் இருக்கிறார். வென்றவரைப் புனைபெயர் சொல்லி அழைக்கிறார்கள். யாரும் எழவில்லை. மறுபடியும் அழைக்கிறார்கள். ம்ஹும்.

ஆடு மேய்த்துக்கொண்டே கவிதை எழுதிய ஹெத் வின், ஜூலை 31 அன்றே பெல்ஜியப் போர்க்களத்தில் செத்துப்போயிருந்தார். வயது 30.

வெறும் நாற்காலிமேல் கறுப்புத் துணியைப் போர்த்தினார்கள். அப்புறம் அது அவருடைய பெற்றோரின் பண்ணை வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தது. அந்தத் தாய் அதை எங்கே போட்டிருப்பாள்?

இன்னொன்று. அந்த நாற்காலியைச் செதுக்கியவர், போருக்குத் தப்பி பெல்ஜியத்திலிருந்து வந்த அகதி.