கல்பாத்தில ஒரு வீட்ட மட்டும் தனியா காப்பாத்த முடியாது

பாலக்காட்டுல இருக்குற கல்பாத்தின்னாலே எல்லாருக்கும் ஐப்பசித் தேர்தான் ஞாபகம் வரும், யானை பின்னாடி நின்னு தேர நெத்தியால முட்டித் தள்ளுற வீடியோ பாக்காதவங்க இருக்க மாட்டீங்க. எனக்கு அந்தத் தேர் போற தெருவையும் ரெண்டு பக்கமும் நிக்கிற வீடுங்களையும் பத்தி எழுதணும்னு ரொம்ப நாளா ஆசை. நான் பாலக்காட்டுப் பக்கத்துச் சித்தூர்க்காரன், பாலக்காடு டவுனுக்குப் போனா அந்தத் தெருவுல ஒரு நடை நடக்காம திரும்ப மாட்டேன்.

விஸ்வநாதர் கோவில் 1425ல கட்டுனதுன்னு சொல்லுவாங்க, ஆத்தங்கரைங்கறதால தெருவுலேருந்து படி எறங்கித்தான் உள்ள போகணும். பழைய கல்பாத்தி, புதிய கல்பாத்தி, சாத்தபுரம்னு தஞ்சாவூர்ப் பக்கத்துலேருந்து வந்தவங்க போட்ட தெருவுங்க இதெல்லாம். கட்டுனது நம்ம தஞ்சாவூர் மாதிரி திண்ணை, ரேழி, கூடம், அடுக்களை, கொல்லைல கெணறுன்னு ரயில் பெட்டியாட்டம் நீளமா, ஆனா மேல பாத்தா மர மச்சு, சரிஞ்ச ஓட்டுக் கூரைன்னு அப்படியே கேரளா. இந்த மழைக்கு அதுதானே தாங்கும். மங்களூர்ல பாசல் மிஷன்ங்கற கிறிஸ்தவ மிஷனரிக்காரங்க ஓட்டு ஃபேக்டரி ஆரம்பிச்சதே 1865லதான், அதனால இன்னிக்கு நாம பாக்குற அந்தச் செவப்புக் கூரை கோவில் அளவுக்குப் பழசு இல்ல.

முக்கியமான விஷயம் செவுரு. ரெண்டு வீட்டுக்கு நடுவுல ஒரே செவுருதான், சந்து கெடையாது, பக்கவாட்டுல ஜன்னலும் வைக்க முடியாது, வெளிச்சமெல்லாம் வாசல்லேருந்தும் கொல்லைலேருந்தும் அப்பறம் கூரைல நடுவுல சொருகுன கண்ணாடி ஓட்டுலேருந்தும்தான். தெரிஞ்ச மாமா ஒருத்தர் வீட்டு ரேழில செவுரு முழங்கால் உயரத்துக்கு ஊறி சுண்ணாம்பு செதில் செதிலா உதிருது, கைய வெச்சா மாவா வருது. அவர் வருஷா வருஷம் ஓடு பிரிச்சு மாத்தறவர். பக்கத்து வீடு பூட்டிக் கெடக்கு, பிள்ளைங்க வெளிநாட்டுல, அங்க நாலு ஓடு நழுவுனதுல தண்ணி கூரையத் தாங்குற கைமரம் வழியா எறங்கி இந்தச் செவுத்துல நிக்குது. "நம்மாத்து ஓட்ட நான் பாத்துக்கறேன், அவாத்து ஓட்ட யாரு பாக்கறது?"ன்னு கேட்டார், எனக்குப் பதில் சொல்லத் தெரியல.

இடிச்சிட்டு கான்கிரீட் போட்டாலும் இதே கததான், சரிஞ்சு வர்ற கூரையும் தட்டையான மொட்டமாடியும் சேர்ற எடத்துல எத்தன சிமென்ட் பூசுனாலும் ஒழுகும், அதுவும் பக்கத்து வீட்டுக்குள்ளதான் ஒழுகும். பாரம்பரிய கிராமம்னு அறிவிச்சது நல்லதுதான், ஆனா வெறுமன இடிக்காதேன்னு சொன்னா போதாது, பூட்டுன வீட்டுக்கு ஓடு மாத்த யாராவது காசு கொடுக்கணும், ஆள் ஏத்தணும். வெளியூர்ல இருக்குற வீட்டுக்காரங்க யாராச்சும் இத படிச்சா, எடவப்பாதி மழைக்கு, அதாவது ஜூன்ல ஆரம்பிக்கிற தென்மேற்குப் பருவமழைக்கு முன்னாடி பக்கத்து வீட்டுக்காரருக்கு ஒரு ஃபோன் போடுங்க, அவங்க வீட்டுக்கு ஆசாரி வர்ற அன்னிக்கே உங்க கூரையிலயும் ஏறிப் பாக்கச் சொல்லுங்க, சாவி அவங்க கிட்டயே இருக்கட்டும்.