கறிவேப்பிலைக்குப் போட்டி

தென்னாப்பிரிக்காவுல டர்பன் ஊருக்கு வந்து ஆறு வருஷம் ஆச்சு, சாட்ஸ்வொர்த்துல வீட்டுக்குப் பின்னாடி கையகலம் தோட்டம். பட்டாம்பூச்சி வரணும்னு போன வருஷம் அடுக்கடுக்கா இதழ் வச்ச பூச்செடியா பாத்து வாங்கி நட்டேன், ஒரு ஈ கூட எட்டிப் பாக்கல. அப்புறம்தான் புரிஞ்சுது, அடுக்குப் பூவுல மகரந்தம் இருக்க வேண்டிய இடத்துலயும் இதழே மொளச்சிடுது, தேனீ வந்து என்னத்த தின்னும்?

ஆனா நான் கண்டுக்காத கறிவேப்பிலையில கூட்டம். இலையில காக்கா எச்சம்னு நெனச்சு தொடைக்கப் போனா அது நகருது! தொட்டதும் தலையில இருந்து ஆரஞ்சு கலர்ல ரெண்டு கொம்பு நீட்டி ஒரு நாத்தம் விட்டுச்சு பாருங்க, அய்யோ. பக்கத்து வீட்டு ஆயா வேலிக்கு அந்தப் பக்கம் இருந்து, "அத கொல்லாத கண்ணு, பெருசானா பச்சையா மாறும், அப்புறம் பட்டாம்பூச்சி"ன்னாங்க. எலுமிச்சை, நாரத்தை, கறிவேப்பிலை எல்லாம் ஒரே குடும்பம், இந்தப் புழுவுக்கு அந்த இலைதான் சோறு. கறுப்புல மஞ்சள் திட்டா, நம்ம ஊரு எலுமிச்சைப் பட்டாம்பூச்சிக்கு ஒண்ணுவிட்ட தங்கச்சி மாதிரி இருக்கும்.

பூ வெறும் டீக்கடை, இலைதான் பிரசவ ஆஸ்பத்திரி. அதனால இப்ப இலையப் பாத்து செடி வாங்குறேன். எருக்குக்குச் சொந்தமா இங்க ஒரு காட்டுச்செடி இருக்கு, காய் முள்ளு முள்ளா பலூன் மாதிரி ஊதியிருக்கும். அதுல வெந்தய வரியன்ங்கிற பட்டாம்பூச்சி முட்டை போடுது, ஊர்ல பாத்த அதே வெந்தய வரியன். அந்தப் பால் விஷம், அதத் தின்னு வளர்றதால குருவிங்க கிட்ட வராது.

உண்ணிச்செடிய மட்டும் வச்சிடாதீங்க. பட்டாம்பூச்சி மொய்க்கும், உண்மைதான், ஆனா காட்டையே முழுங்கிடும்னு இந்த நாட்டுல சட்டப்படி தடை.

தேனீக்கு? குளிர்காலத்துல, ஜூன் ஜூலைல, சோத்துக்கத்தாழ சொந்தக்காரங்க செவப்பா பூ விடுவாங்க, மத்த பூவெல்லாம் காஞ்சு கிடக்குற நேரம் தேனீ கூட்டம் அங்கதான். கத்திரிக்கு தேனீ உதவாது, அந்தப் பூவோட மகரந்தம் நுனி ஓட்டை வழியா உதறி எடுக்கணும். கறுப்பா குண்டா ஒரு வண்டு வந்து பூவக் கட்டிப்பிடிச்சு ர்ர்ர்ருன்னு குலுக்கும், பொடி கொட்டும். அது எங்க வராண்டா மரத்தத் தொளச்சு குடியிருக்கு, வீட்டுக்காரர் அடைக்கணும்ங்கிறார், நான் விடல.

மருந்து அடிக்கிறத நிறுத்தியாச்சு. கறிவேப்பிலை ரெண்டாவது செடியும் வச்சேன், ஒண்ணு புழுவுக்கு, ஒண்ணு ரசத்துக்குன்னு. நேத்து தாளிக்க கிள்ளப் போறேன், ரசச் செடியில மூணு புழு, புழுச் செடியில ஒண்ணு கூட இல்ல.