கரையும் என்று சொன்னேன்

“இது பால்ல கரையுமா தம்பி?” என்று பள்ளத்தூரிலிருந்து வரும் ஆச்சி கேட்டார்கள். “கரையும் ஆச்சி” என்றேன். எங்களுக்குள் நடந்த பேச்சு அவ்வளவுதான். மூன்று ஆண்டுகள் ஆன பின்பும், மருந்துக் கவுண்டரில் ஒலன்சபின் என்ற மனநோய் மாத்திரையின் அட்டையைக் கையில் எடுக்கும்போதெல்லாம் அந்த ஒரு சொல் திரும்ப வந்து நிற்கிறது.

சொன்ன பதிலில் பிழை இல்லை. வாயில் கரையும் ஒலன்சபினைத் தண்ணீரிலோ பாலிலோ காப்பியிலோ கரைத்து உடனே குடிக்கலாம். ரிஸ்பெரிடோன் என்ற இன்னொரு மனநோய்த் திரவ மருந்தைத் தேநீரில் கலக்கக் கூடாது என்பதுபோன்ற தடை இதற்கில்லை. ஈரக் கையால் தொடக் கூடாது என்றும், மாத்திரையை அழுத்தித் தள்ளாமல் பின்பக்கத் தாளை உரித்து எடுக்க வேண்டும் என்றும் செய்தே காட்டினேன். ஆனால், மகனுக்குத் தெரியாமல் கொடுக்கலாமா என்பதைத்தான் ஆச்சி கேட்கிறார்கள் என்று எனக்கு அப்போதே தெரியும். அதை வாய்விட்டுக் கேட்க அவர்களுக்கு மனம் வரவில்லை; புரிந்துகொண்டதாகக் காட்டிக்கொள்ள எனக்கும் மனம் வரவில்லை.

மகனுக்கு நாற்பது வயதிருக்கும். சாப்பாட்டில் தனக்கு விஷம் வைக்கிறார்கள் என்று உறுதியாக நம்பியவர், தானே உரித்த வாழைப்பழத்தையும் தானே ஓடு உடைத்த அவித்த முட்டையையும் தவிர எதையும் தொடவில்லை. சாதாரண மாத்திரையைக் கடைவாயில் ஒதுக்கிவைத்து வளவுத் தூணுக்குப் பின்னால் துப்பிவிடுகிறார் என்று தெரிந்துதான் மருத்துவர் கரையும் மாத்திரைக்கு மாற்றினார். “பங்காளிக ஏர்வாடியில கொண்டுபோய் விடச் சொல்றாக” என்று அன்று ஆச்சி சொன்னதை நான் என் பக்கத்து நியாயமாக இன்றும் பிடித்துக்கொண்டிருக்கிறேன். 2001 ஆகஸ்ட் 6ஆம் தேதி, மனநோயாளிகளை வைத்திருந்த காப்பகம் ஒன்றில், சங்கிலியில் பிணைக்கப்பட்டிருந்ததால் தப்பி ஓட முடியாதவர்கள் உட்பட 28 பேர் தீயில் இறந்த ஊர் அது. அந்தப் பெயரைச் சொல்லிவிட்டு ஒரு தாய் பாலைப் பற்றிக் கேட்டால், சட்டம் பேசவா தோன்றும்?

பாலில் முதல் வாயைத் தான் குடித்துக் காட்டிவிட்டு மீதியை மகனுக்குக் கொடுத்தார்கள் என்பது எனக்குப் பின்னால்தான் தெரியவந்தது. எழுபது வயதைக் கடந்த உடம்பில் தினமும் கொஞ்சம் ஒலன்சபின் போய்க்கொண்டிருந்திருக்கிறது. பகலில் தூக்கமாக வருகிறது என்று ஒருமுறை அவர்கள் சொன்னபோது, வயதாகிவிட்டதல்லவா ஆச்சி என்று நான் ஆறுதல் சொல்லியிருக்கிறேன்.

மூன்று மாதத்தில் மகன் சோறு சாப்பிட ஆரம்பித்தார். அதை எளிதாகத் தள்ளிவிட முடியாது. அந்த மூன்று மாதத்தையும் வேறு எந்த வழியில் பெற்றிருக்க முடியும் என்று இன்றைக்கும் என்னால் சொல்ல முடியவில்லை. ஆனால் அவரைப் பொறுத்தவரை, அவர் மருந்தில்லாமலே குணமானார். ஆகவே மருந்தைத் தொடர அவருக்குக் காரணம் எதுவும் இல்லை. உடல் எடை கூடியதையும் காலையில் எழ முடியாததையும் மருத்துவரிடம் சொல்ல வேண்டும் என்று அவருக்கு எப்படித் தெரியும்? இந்த மருந்து சாப்பிடுகிறவர்களுக்கு ரத்தச் சர்க்கரையைப் பார்த்துக்கொள்ள வேண்டும். மருந்து சாப்பிடுவதே தெரியாதவரிடம் அதை யார் சொல்வது?

இரண்டாங்கட்டில் பழைய எனாமல் தூக்குச் சட்டிக்குள் உரித்த அட்டைகளை ஆச்சி சேர்த்து வைத்திருந்தார்கள். வீதியில் போட்டால் யாராவது பார்த்துவிடுவார்கள் என்ற பயம். மகன் அவற்றை எடுத்துக்கொண்டு தனியாக என் கவுண்டருக்கு வந்தார். ஒவ்வொன்றாகப் பலகையில் அடுக்கிவிட்டு, “நீங்க கொடுத்ததுதானே அண்ணே?” என்றார். ஆமாம் என்றேன். “அப்ப நான் சொன்னது நெசந்தானே?” என்றார். இது மருந்து தம்பி, விஷமில்லை என்றேன். “நான் அதக் கேக்கல” என்று சொல்லிவிட்டு, அட்டைகளை எடுக்காமலே போய்விட்டார். பிறகு அவர் எங்களிடம் வரவில்லை. மெஸ்ஸில்தான் சாப்பிடுகிறார் என்று ஆச்சி சொன்னார்கள்.

2018 மே மாதம் நடைமுறைக்கு வந்த மனநலப் பராமரிப்புச் சட்டம், தனக்கு எந்தச் சிகிச்சை வேண்டும், எது வேண்டாம் என்று முன்கூட்டியே எழுதிவைக்கும் உரிமையைத் தருகிறது. அவர் சோறு சாப்பிட ஆரம்பித்த பிறகு, தெளிவாக இருந்த ஒரு நாளில், மருத்துவரை வைத்துக்கொண்டு உண்மையைச் சொல்லி, இனி என்ன செய்யலாம் என்று அவரிடமே கேட்டிருக்கலாம். நான் மருத்துவரிடம்கூடச் சொல்லவில்லை. மருந்தாளுநரின் வேலை மருந்தைக் கொடுப்பது என்று ஒதுங்கிக்கொண்டேன். நாட்பட்ட நோய்களுக்கு வளர்ந்த நாடுகளில்கூடச் சராசரியாகப் பாதிப் பேர்தான் சொன்னபடி மருந்து எடுக்கிறார்கள் என்று உலக சுகாதார நிறுவனம் 2003இல் எழுதியது. என் கவுண்டரிலும் சர்க்கரை மாத்திரையை இஷ்டத்துக்கு நிறுத்துகிறவர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பாலில் கலந்து கொடுக்கலாமா என்று யாரும் என்னைக் கேட்டதில்லை.

போன வாரம் தேவகோட்டையிலிருந்து வந்த ஒரு அம்மா, கணவருக்காக அதே மாத்திரையைக் கையில் வைத்துக்கொண்டு அதே கேள்வியைக் கேட்டார். கரையும், ஆனால் அவருக்குத் தெரியாமல் கொடுப்பதாக இருந்தால் முதலில் டாக்டரிடம் ஒரு வார்த்தை பேசிவிட்டு வாருங்கள் என்றேன். அவர் ஒன்றும் சொல்லவில்லை. மாத்திரையைப் பலகையில் வைத்துவிட்டுச் சீட்டை மடித்துக்கொண்டு வெளியே போனார். அந்த 30 மாத்திரைகளும் அவர் கணவரின் பெயர் எழுதிய உறைக்குள், இன்னும் என் மேசை இழுப்பறையில் இருக்கின்றன.