சும்மா நிற்கிற வேலை

ஒஸ்லோவில் ஒரு பார்னஹாகேயில், அதாவது பாலர் பூங்காவில், உதவியாளராகச் சேர்ந்த முதல் மாரியில் என் கைகள் சும்மா இருந்ததே இல்லை. பனி கொட்டினாலும் இங்கே பிள்ளைகள் வெளியில்தான் விளையாடுவார்கள். அதற்கு முன் எத்தனை கையுறை, எத்தனை சப்பாத்து! ஒருவன் மேலங்கியின் சிப்போடு மல்லுக்கட்டினால் உடனே குனிந்து இழுத்துவிடுவேன். இருவர் வாளிக்குச் சண்டை பிடித்தால் இன்னொரு வாளியைக் கொண்டுவந்து கொடுப்பேன்.

எங்கள் பிரிவின் பொறுப்பாளர் இதைச் சில வாரம் பார்த்துவிட்டு, நோர்வே இயக்குநர் மார்கிரெத் ஊலின் எடுத்த 'பார்ன்டொம்' படத்தைப் பாருங்கள் என்றார். 'குழந்தைப்பருவம்' என்று பொருள். 2017இல் வந்தது. ஒஸ்லோவிலிருந்து படகில் அரைமணிகூட ஆகாத நேசொடன் குடாநாட்டில், ருடோல்ஃப் ஸ்டைனரின் கல்விமுறையில் நடக்கும் ஒரு பாலர் பூங்காவில் எடுத்த ஆவணப்படம்.

முதல் இருபது நிமிடம் எனக்கு எரிச்சல்தான். பிள்ளைகள் விளையாடுகிறார்கள், முறைத்துக்கொள்கிறார்கள், திரும்பச் சேர்கிறார்கள். கல்வி நிபுணர் யாரும் வந்து விளக்கம் சொல்லவில்லை. கமெரா பிள்ளைகளின் உயரத்துக்கு இறங்கி அங்கேயே காத்திருக்கிறது. ஊலின் பேசத் தெரியாதவர் அல்ல. 2002இல் தன் உடலைப் பற்றியே ஒரு குறும்படம் எடுத்தவர். நோர்வேயில் பள்ளி தொடங்கும் வயதை 1997இல் 7இலிருந்து 6ஆகக் குறைத்தார்கள். விளையாட்டுக் காலம் சுருங்கிய கவலை இந்தப் படத்துக்குப் பின்னால் இருக்கிறது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் படம் வாதாடவில்லை.

அடுத்த நாள் கைகளைச் சட்டைப்பைக்குள் விட்டுக்கொண்டு நின்றேன். அந்தச் சிப்புக்கு நாலு நிமிடம் ஆனது. போட்டு முடித்தவன் என்னைத் திரும்பியும் பார்க்காமல் ஓடிவிட்டான், கொஞ்சம் வலித்தது. வாளிக்காரர்கள் இருவரும் கத்தி ஓய்ந்த பிறகு அதைக் கவிழ்த்து வைத்துப் பனியில் கேக் செய்தார்கள். எத்தனை கேக்குகளை நான் இதுவரை கெடுத்திருப்பேன்?

அப்புறம் ஒரு நாள் தேவைக்கு மேல் காத்திருந்துவிட்டேன். கழன்ற கையுறையைத் தானே போடுவாள் என்று விட, பிள்ளையின் விரல்கள் சிவந்து, அழுகை. அது பொறுமை இல்லை, பராக்கு. படம் எடுப்பவர் கடைசிவரை ஒதுங்கி நிற்கலாம். எனக்கு எந்த நொடியில் குனிய வேண்டும் என்பதும் தெரிய வேண்டும். அதைப் படம் சொல்லித் தராது.

2023இல் வந்த படத்திலும் ஊலின் மாறவில்லை. நோர்வேயின் ஓல்டெடாலன் பள்ளத்தாக்கில், தன் 84 வயது அப்பா நடக்க, நான்கு பருவமும் அவர் பின்னால் போயிருக்கிறார். நானோ அம்மாவுக்கு வாரம் ஒரு தொலைபேசி அழைப்பு.

"இண்டைக்கு வேலையில என்ன செய்தனி?"

"சும்மா நிண்டனான் அம்மா."

"அதுக்குமோ சம்பளம் தாறாங்கள்?"